பந்தைத் தேடிப் போன கோடு

பிராக் நகரத்திலிருந்து வடக்கே போகும் ரயில் மூச்சு வாங்கிக்கொண்டு ஏறும் ஒரு மேடு உண்டு. அந்த மேட்டுக்கு அடியில், செங்கல் சூளைக்கும் பீர் ஆலைக்கும் நடுவில், மிலினோவ் என்று ஓர் ஊர். அந்த ஊரின் டென்னிஸ் களத்தில், பெரிய போர் முடிந்து செக் மக்களுக்கென்று ஒரு நாடு புதிதாய்ப் பிறந்து அது இன்னும் தவழ்ந்துகொண்டிருந்த காலத்தில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் யார்மிலா என்ற பெண் ஓங்கி அடித்த பந்து கோட்டைத் தாண்டி ஒரு முழம் தள்ளி விழுந்தது. விழுந்த பந்து செங்கல் தூள் பரப்பிய சிவப்புத் தரையில் ஒரு தடத்தைப் பதித்துவிட்டு எங்கோ உருண்டு போனது. தரையில் போட்டிருந்த சுண்ணாம்புக் கோடு மட்டும், சிந்திய பால் பள்ளம் தேடிப் போவது போல அவசரமில்லாமல் வளைந்து நகர்ந்து, அந்தத் தடம் வரைக்கும் போய், அதைத் தன்மேல் ஏற்றிக்கொண்டு நின்றது.

ஊரே அலறியிருக்கும் என்று நீங்கள் நினைத்தால் உங்களுக்கு அந்த ஊரைத் தெரியாது. அவர்கள் சக்கரவர்த்தி ஒருவர் இருந்ததையும் பிறகு இல்லாமல் போனதையும் பார்த்தவர்கள். படுத்து எழுவதற்குள் தெருக்களின் பெயர் மாறி, தபால்தலையில் முகம் மாறி, பள்ளிக்கூடத்துச் சுவரில் கழுகு இருந்த இடத்தில் சிங்கம் வந்து உட்கார்ந்ததைப் பார்த்தவர்கள். ஒரு கோடு ஒரு முழம் நகர்ந்தது அவர்களுக்கு என்ன பெரிய சங்கதி? எதிரே ஆடிய வெளியூர்ப் பெண்தான் மட்டையைக் கீழே போட்டுவிட்டு நடுவரைப் பார்த்துக் கத்தினாள்.

நடுவர் அந்த ஊர் மருந்துக்கடைக்காரர் செலெங்கா. பான் செலெங்கா என்று கூப்பிடுவார்கள், பான் என்றால் அவர்கள் பேச்சில் ஐயா. உயரமான நாற்காலியிலிருந்து இறங்கி வந்து, கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, தடத்தைக் குனிந்து பார்த்தார்.

"தடம் கோட்டு மேல இருக்கா இல்லையாம்மா?"

"இருக்கு. ஆனா கோடு நகர்ந்துதே!"

"கோடு நகரக் கூடாதுன்னு விதியில எங்கயும் இல்ல. கோட்டைத் தொட்டா உள்ளே. அவ்வளவுதான்," என்று சொல்லிவிட்டு மறுபடியும் ஏறி உட்கார்ந்துகொண்டார். சட்டம் பேசுகிற மனிதரோடு யார் வாயாடி ஜெயித்திருக்கிறார்கள்?

அன்று தொடங்கியது. யார்மிலாவின் பந்து உள்ளே விழுந்தால் கோடு சும்மா கிடக்கும். வெளியே விழுந்தால் அதைத் தேடிக் கிளம்பும். நகர்ந்த கோடு திரும்பிப் போகாது, மறுநாள் காலையில் களக்காரர் வந்து துடைத்து நேராகப் போடும்வரை அங்கேயே கிடக்கும். முன்வரிசைப் பெஞ்சில் உட்கார்ந்திருப்பவர்கள் கோடு வருவதைப் பார்த்ததும் "வருது, வருது, காலைத் தூக்குங்க!" என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டு காலைத் தூக்குவார்கள், பீர்க் குவளையைத் தூக்குவார்கள், பெண்கள் கூடையையும் குடையையும் தூக்குவார்கள், பீர் ஆலை முதலாளிக்குத் தொப்பை காரணமாகக் கால் தூக்க வராது என்பதால் பக்கத்தில் இருப்பவர் தூக்கிப் பிடிப்பார், கோடு அடியில் புகுந்து போகும். காலை மிதித்தபடி வைத்திருந்தால் அதற்குத் தாண்டத் தெரியாது, பாவம், முட்டிக்கொண்டு நிற்கும். ஆகவே காலைத் தூக்குவது ஊர் மரியாதை ஆகிவிட்டது.

யார்மிலாவுக்கு இதெல்லாம் ஆதாயம் என்று நினைத்துவிடாதீர்கள். டென்னிஸில் பக்கம் மாற வேண்டும் அல்லவா? எதிராளி பக்கத்தில் அவளுடைய பந்துகளைத் தேடிப்போய் வீங்கிக் கிடக்கும் களம், பக்கம் மாறியதும் அவள் தலையில் விழும். ஆப்பிள் மரத்தடி வரை, பெஞ்சுக்குக் கீழே வரை, அத்தனையும் அவள் காக்க வேண்டிய இடம். எத்தனை தப்பு அடித்தாளோ அத்தனைக்கும் ஓட வேண்டும். ஓடினாள். ஓடி ஓடித்தான் அந்தச் சூளைக்காரன் மகள் நாட்டிலேயே வேகமான கால்களைப் பெற்றாள்.

ஏன் நகர்ந்தது? பலரும் பலதைச் சொன்னார்கள். போரில் செத்துப்போன அவள் அப்பா சூளையில் உடைத்த செங்கல் அந்தத் தரையில் இருக்கிறது என்றார்கள். சுண்ணாம்பில் பீர் கலந்துவிட்டது என்றார்கள். பாதிரியார், நல்லது நடந்தால் காரணம் கேட்காமல் சாப்பிடப் போங்கள் என்றார். போனார்கள். கொஞ்ச நாளில், வயல் வரப்புத் தகராறு உள்ளவர்கள் களத்துச் சுண்ணாம்பில் ஒரு பிடி வாங்கிப் போய் வரப்பில் தூவினார்கள். மருமகளோடு பேசாத ஒரு மாமியார் சமையலறை வாசலில் தூவினாள். தாராள மனசுக்காரரைக் 'கோடு மாதிரி ஆள்' என்று சொல்வது மிலினோவில் வழக்கமாயிற்று.

இந்தக் கதையில் இன்னொரு பெண் இருக்கிறாள்.

மேட்டுக்கு அந்தப் பக்கம் ஆல்ட்பாக் என்று ஓர் ஊர். அங்கே ஜெர்மன் பேசுகிறவர்கள், இங்கே செக் பேசுகிறவர்கள். இரண்டு ஊருக்கும் நடுவே ஒரு பழைய பழக்கம் இருந்தது: பிள்ளை மாற்றிக்கொள்வது. இந்த ஊர்ப் பிள்ளை ஒரு வருடம் அந்த ஊர் வீட்டில் வளரும், அந்த வீட்டுப் பிள்ளை அதே ஒரு வருடம் இந்த வீட்டில் வளரும். பள்ளிக்கூடத்துக்குச் செலவில்லாமல் இரண்டு மொழியும் வந்துவிடும். அப்படித்தான் சிறுமி யார்மிலா கையுறை தைக்கும் ரெசியம்மாவின் வீட்டுக்குப் போனாள். ரெசியம்மாவின் மகள் ஹெடி, யார்மிலாவின் அம்மா அந்தோனியாவிடம் வந்தாள். இதில் வேடிக்கை என்னவென்றால், அந்த வருடம் முழுக்க இரண்டு பெண்களும் ஒருவரை ஒருவர் அநேகமாகப் பார்க்கவே இல்லை. ஒருத்தி படுக்கையில் மற்றவள் தூங்கினாள், ஒருத்தி அம்மாவிடம் மற்றவள் திட்டு வாங்கினாள். ரெசியம்மா யார்மிலாவுக்குக் கையுறை அளவெடுத்து, "உன் விரல் நீளம்டி, இந்தக் கை சும்மா இருக்காது," என்று சொல்லி, ஹெடியின் பழைய மட்டையை எடுத்துக் கொடுத்தாள். இந்தப் பக்கம் ஹெடி, அந்தோனியாவோடு சூளைக்குப் போய், டென்னிஸ் களத்துக்கென்று செங்கல் தூள் சலித்துக் காதிலும் மூக்கிலும் சிவப்பை ஏற்றிக்கொண்டு திரும்புவாள். வருடம் முடிந்து அவரவர் வீட்டுக்குப் போனபோது இரண்டு பேருக்கும் இரண்டு அம்மா இருந்தார்கள்.

பிறகு ஆண்டுதோறும் அறுவடை முடிந்ததும் இரண்டு ஊர் டென்னிஸ் சங்கங்களுக்கும் போட்டி. கடைசி ஆட்டம் எப்போதும் யார்மிலாவும் ஹெடியும். ஆல்ட்பாக்கில் நடக்கும் வருடம் ஹெடி ஜெயிப்பாள், அங்கே கோடு கோடாகவே கிடக்கும். மிலினோவில் நடக்கும் வருடம் யார்மிலா ஜெயிப்பாள்.

"உங்க ஊர்க் கோட்டுக்கு உன்மேல பைத்தியம்டி," என்பாள் ஹெடி, கோபமே இல்லாமல். "கட்டிக்கிட்டுக் குடித்தனம் பண்ணேன்."

எல்லோரும் சிரிப்பார்கள், யார்மிலாவும் சிரிப்பாள். ஆனால் சிரிப்புக்குக் கீழே அவளுக்கு ஒரு முள் இருந்தது. சொந்த ஊரில், அந்த ஜனங்கள் முன்னால், எல்லாப் பந்தும் தானாகவே உள்ளே விழுந்து, ஒரு கால்கூடத் தூக்கப்படாமல், ஹெடியை ஒரு தடவை ஜெயிக்க வேண்டும். அவளுக்கு வாழ்க்கையில் வேண்டியிருந்தது அது ஒன்றுதான். ஊருக்கோ ஜெயித்தால் போதும், எப்படி என்று கேட்கிற வழக்கமில்லை.

அதனால் அவள் வெளியே போனாள். பிராக்கில் பெரிய போட்டியில் முதல் ஆட்டத்திலேயே அடித்த பந்தெல்லாம் வெளியே விழுந்தது, கோடுகள் அசையவில்லை. அவளை யாரும் தேடி வரவில்லை. ரயிலில் அழுதுகொண்டே திரும்பி வந்தவள், தபால் நிலைய வேலை முடிந்ததும் களத்துக்கு வந்து எதிர்ப் பக்கத்து மூலையில் கைக்குட்டையை விரித்துப் போட்டு அதன்மேல் அடித்துப் பழகினாள். கைக்குட்டையில் விழ ஆரம்பித்ததும் அதை மடித்தாள். விழுந்தது, இன்னும் மடித்தாள். கடைசியில் சட்டைப் பொத்தான் அளவு இடத்தில் பந்தை இறக்கக் கற்றுக்கொண்டபோது பிராக்கில் ஜெயித்தாள், வியன்னாவில் ஜெயித்தாள், பாரிஸில் மூன்று ஆட்டம் தாண்டினாள், லண்டன் புல்தரையில் ஒரு நெட்டைப் பெண்ணிடம் மழைக்கு நடுவே நன்றாக ஆடித் தோற்றாள். நாட்டில் இரண்டாவது ஆட்டக்காரி என்று பத்திரிகையில் படம் வந்தது. படத்தைப் பார்த்த ஹெடி, "மூக்கை ஏண்டி இப்படி விட்டுட்டாங்க," என்று அதன்மேல் பென்சிலால் வரைந்து சரிசெய்தாள்.

மிலினோவ் ஜனங்களோ தோல்வி ஒவ்வொன்றுக்கும் அந்தந்த ஊர்க் கோட்டைத்தான் திட்டினார்கள். லண்டன் கோட்டுக்கு ஈரம் கிடையாது என்றார்கள். பாரிஸுக்குப் போகும்போது ஊரே சேர்ந்து களத்துச் சுண்ணாம்பை ஒரு மூட்டை கட்டி, அங்கே இருக்கிற களக்காரரிடம் கொடுத்துக் கலக்கச் சொல்லு என்று ரயிலில் ஏற்றிவிட்டார்கள். எல்லையில் மூட்டையைப் பிரித்த சுங்கக்காரர் விரலில் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டுத் தண்ணீர் கேட்டார். யார்மிலா அதைப் பாரிஸில் தங்கியிருந்த வீட்டுக்காரம்மாவிடம் கொடுத்துவிட்டாள், அவள் கோழிக்கூட்டுக்கு வெள்ளையடித்துக்கொண்டாள். ஊர் திரும்பியதும், "கலந்தாங்களா?" என்று செலெங்கா கேட்க, "கலந்தாங்க, பிடிக்கல," என்று சொல்லி வைத்தாள். அவர்களை நோகடிக்க அவளுக்கு மனம் வரவில்லை. தன்மேல் பிரியமாக இருக்கிறவர்களிடம், உங்கள் பிரியம் எனக்குக் கனக்கிறது என்று எப்படிச் சொல்வது?

இப்படியே ஆண்டுகள் போயின. பிறகு ஜெர்மனியிலிருந்து ரேடியோவில் ஒரு குரல் கத்த ஆரம்பித்தது, அதைக் கேட்டுக் கேட்டு மேட்டுக்கு அந்தப் பக்கம் இளைஞர்கள் முட்டிவரை வெள்ளைக் காலுறை மாட்டிக்கொண்டு அணிவகுத்து நடந்தார்கள். ஹெடியின் தம்பியும் மாட்டிக்கொண்டான். இந்தப் பக்கம் ஆண்களைப் பட்டாளம் கூப்பிட்டுப் பயிற்சி கொடுத்து, கனத்த பூட்ஸ்களைக் கொடுத்து அனுப்பியது. பிள்ளை மாற்றிக்கொள்வது நின்றுபோனது. முப்பத்தெட்டாம் வருடம் அறுவடை முடிந்தபோது, ஆல்ட்பாக் சங்கம் இனிமேல் செக் ஆட்களோடு ஆட்டம் கிடையாது என்று சொல்லிவிட்டது.

அந்த வருடம் மிலினோவின் முறை. போட்டி இல்லை என்று தெரிந்தும், ஏதாவது நடக்குமா என்று பார்க்க ஊர் பெஞ்சில் வந்து உட்கார்ந்தது. மேட்டுச் சாலையில் ஒரு சைக்கிள் தெரிந்தது. பின்னால் மட்டையைக் கட்டிக்கொண்டு ஹெடி தனியாக வந்துகொண்டிருந்தாள். இறங்கியவளுக்கு யாரும் பீர் கொண்டுவந்து நீட்டவில்லை. முன்வரிசையில் பூட்ஸோடு உட்கார்ந்திருந்த வண்டிக்காரன் மாத்தேய், "இவளுக்கு இன்னும் இங்க என்ன வேலை?" என்றான், அவளுக்குக் கேட்கும்படி.

"என் வீட்டுக்கு வர்றவளக் கேக்க நீ யாருடா?" என்றாள் பக்கத்தில் இருந்த அந்தோனியா. அவளுக்குக் கால் இரண்டும் வீங்கி, நடக்கவே மெனக்கெட வேண்டியிருந்த காலம் அது.

யார்மிலா வலைக்கு அருகே போனாள். "உன்னை எதுவும் சொல்ல மாட்டாங்களா?"

"சொல்லிட்டாங்க. இங்க வந்தா திரும்பச் சங்கத்துல கால் வைக்காதேன்னாங்க," என்றாள் ஹெடி. "ரெசியம்மா உன்னைக் கேட்டதாச் சொல்லச் சொன்னா. இருமல்ல கிடக்கிறா. சர்வ் போடு."

ஆடினார்கள். இருவரும் அப்படி ஒரு ஆட்டத்தை அதற்கு முன் ஆடியதில்லை. யார்மிலா கைக்குட்டையை நினைத்துக்கொண்டு ஒவ்வொரு பந்தையும் உள்ளே வைக்கப் பார்த்தாள். ஆனால் பின்னால் ஊர் கத்திக்கொண்டிருந்தது, அது வழக்கமான கத்தல் இல்லை, அதில் அவள் பெயரைவிட ஹெடியின் சாதிசனத்தைத் திட்டுவதே அதிகம் இருந்தது, பந்துகள் வழுக்கின. கோடு போனது. என்றைக்கும் இல்லாத வேகத்தில் போனது. கால்கள் தடதடவென்று தூக்கப்பட்டன, பூட்ஸ்கள் மறுபடி தரையில் அறைந்தன, ஒவ்வொரு தடவையும் சிரிப்பு எழுந்தது. அந்தச் சிரிப்பைக் கேட்டு யார்மிலாவுக்கு வாழ்க்கையில் முதல்முறையாகத் தன் ஊரை நினைத்துக் கூச்சமாக இருந்தது.

கடைசி செட்டில் யார்மிலாவுக்கு இன்னும் ஒரே ஒரு புள்ளி வேண்டியிருந்தது. அடித்தாள். பந்து ஒரு முழம் வெளியே விழுந்தது. கோடு கிளம்பிப் போய்த் தடத்தை ஏற்றிக்கொண்டது. செலெங்கா கையை உயர்த்தப் போனார்.

"வெளியே," என்றாள் யார்மிலா.



"தொட்டிருக்கும்மா," என்றார் செலெங்கா கெஞ்சலாக. "நான் பார்த்தேன்."

"கோடுதான் பந்தைத் தொட்டுது, பான் செலெங்கா. பந்து கோட்டைத் தொடல. வெளியே."

இத்தனை வருடமும் நெஞ்சில் கிடந்தது ஒரே வார்த்தையில் வெளியே வந்துவிட்டதில் அவளுக்கு உடம்பே லேசாகிவிட்டது. ஆட்டம் தொடர்ந்தது. இப்போது ஹெடி மேலே வந்தாள், பிறகு ஹெடிக்கு ஒரு புள்ளிதான் பாக்கி என்ற நிலைமை. ஹெடி மூலையைப் பார்த்து அடித்தாள். வீசிய வேகம் கொஞ்சம் கூடிப்போய், பந்து யார்மிலாவின் பின்கோட்டைத் தாண்டி, முன்வரிசைப் பெஞ்சுக்கு அடியில் விழுந்து, அங்கே தடம் பதித்துப் போனது. சந்தேகமே இல்லாமல் வெளியே. யார்மிலா பிழைத்தாள் என்று ஊர் வாயைத் திறந்தது.

அப்போது கோடு நகர்ந்தது.

இத்தனை ஆண்டுகளில் யார்மிலாவைத் தவிர வேறு யாருக்காகவும் அசையாத கோடு, ஹெடியின் பந்தைத் தேடி, அதே அவசரமில்லாத நடையில், பெஞ்சை நோக்கி வந்தது. மாத்தேய் அதைப் பார்த்தான். பூட்ஸை இன்னும் அழுத்தி ஊன்றினான். அவன் பக்கத்தில் இருந்தவன் ஊன்றினான், அடுத்தவனும் ஊன்றினான், வரிசை முழுக்க ஊன்றியது. கோடு பூட்ஸ் வரை வந்து முட்டி நின்றது. கொஞ்சம் பின்வாங்கிப் பார்த்தது, மறுபடியும் வந்து முட்டியது. அவர்கள் கெட்டவர்கள் இல்லை. ரேடியோவைக் கேட்டுக் கேட்டு ராத்தூக்கம் போனவர்கள், பிள்ளைகளுக்கு விஷப்புகை முகமூடி அளவெடுத்துவிட்டு வந்தவர்கள், பயந்தவர்கள். பயந்த கால் தரையை விடாது.

"காலைத் தூக்குங்கடா," என்றாள் அந்தோனியா.

யாரும் தூக்கவில்லை.

"பதினோரு வயசுல என் வீட்டுக்கு வந்தா. என் கையால சாப்பிட்டா. நீங்க உக்காந்து பாக்குற இந்தத் தரைக்குச் செங்கல் தூள் சலிச்சவடா அவ. இந்தக் கோட்டுக்கு அவளத் தெரியாம இருக்குமா?" என்று சொல்லி, அந்தோனியா தன் வீங்கிய கால்களில் ஒன்றை இரண்டு கையாலும் பிடித்துத் தூக்கினாள், அதை மாத்தேயின் மடியில் வைத்தாள், பிறகு மற்றதையும் தூக்கி அதன்மேல் வைத்தாள். மாத்தேய்க்கு என்ன செய்வதென்று தெரியவில்லை, ஒரு கிழவியின் காலைத் தள்ளிவிட முடியுமா? கோடு பூட்ஸ் வரிசையை ஒட்டியே தடவிக்கொண்டு வந்தது. அந்தோனியாவின் கால் இருந்த இடத்தில் வழி கண்டு உள்ளே புகுந்து, தடத்தை ஏற்றிக்கொண்டு நின்றது.

செலெங்காவின் கையும் வாயும் எழவில்லை. அவர் யார்மிலாவைப் பார்த்தார். ஊரும் பார்த்தது. தன்னுடைய பந்தை வெளியே என்று சொன்ன அதே கணக்குப்படி இதுவும் வெளியேதான். அவள் அதையே மறுபடி சொன்னால் போதும், இந்த ஆட்டம் அவளுடையதாக இருக்க இன்னும் வழி உண்டு, அதுவும் யாரும் குறைசொல்ல முடியாத வழி. யார்மிலா அம்மாவைப் பார்த்தாள், மாத்தேயின் மடியில் கிடந்த அந்தக் கால்களைப் பார்த்தாள்.

"உள்ளே," என்றாள்.

வலைக்கு அருகே கை கொடுக்கும்போது ஹெடி அழுதுகொண்டிருந்தாள். "லூசாடி நீ? வெளியேதான போச்சு?"

"வெளியேதான் போச்சு," என்றாள் யார்மிலா. "கூட்டிக்கிட்டு வந்துட்டாங்க."

ஊர் அவளோடு பேசுவதை நிறுத்தியது. ரொட்டிக்கடையில் ரொட்டி கொடுப்பார்கள், வார்த்தை கொடுக்க மாட்டார்கள். செலெங்கா மட்டும் அந்தோனியாவின் வீக்கத்துக்குக் கேட்காமலே தைலம் கொடுத்தனுப்பினார். யார்மிலா அடுத்த வருடம் ஆட, அடுத்த வருடம் என்ற ஒன்று யாருக்கும் வாய்க்கவில்லை. சில வாரத்தில், தூரத்தில் ஒரு பெரிய நகரத்தில், மிலினோவையோ ஆல்ட்பாக்கையோ பார்த்திராத பெரிய மனிதர்கள் வரைபடத்தின்மேல் குனிந்து இந்த நாட்டை நறுக்கினார்கள். ஆல்ட்பாக் ஜெர்மனிக்குப் போனது. மேட்டுச் சாலையில் தடுப்புக் கட்டை வந்தது, ஒரு சிப்பாய் வந்தான், கட்டைக்கு முன்னால் சாலையின் குறுக்கே வெள்ளையாய் ஒரு கோடு வந்தது.

உலகத்தில் வேறெந்த ஊரும் செய்யாத ஒன்றை மிலினோவ் செய்தது. அது பயப்படவில்லை. ஞாயிற்றுக்கிழமை உடுப்பு போட்டுக்கொண்டு, பிள்ளைகுட்டிகளோடு, தின்பண்டம் கட்டிக்கொண்டு மேட்டுக்கு ஏறிப்போய், அந்தக் கோட்டுக்கு முன்னால் உட்கார்ந்து, அது நகரக் காத்திருந்தது. கோடு என்றால் நமக்காக நகரும் என்றுதான் அவர்களுக்குத் தெரியும். "தம்பி, கொஞ்சம் தள்ளி நில்லு, வர்றதுக்கு வழி வேணும்," என்று சிப்பாயிடம் மரியாதையாகச் சொன்னார்கள். மாத்தேயின் அக்காவை ஆல்ட்பாக்கில் கட்டிக்கொடுத்திருந்தது. அவனும் வந்தான், சாலையோரக் கல்லில் உட்கார்ந்தான், பூட்ஸ் இரண்டையும் கழற்றி வைத்துவிட்டுக் காலைத் தூக்கிக்கொண்டு பொழுது சாயும்வரை அப்படியே இருந்தான். கோடு அசையவில்லை. அடுத்த ஞாயிறும் போனார்கள். பிறகு கொஞ்சம் கொஞ்சமாகப் போவதை விட்டார்கள், ஆனால் அதற்கப்புறம் யார்மிலாவைப் பார்த்தால் தொப்பியைத் தொட்டார்கள்.

நவம்பரில் ரெசியம்மா இறந்துபோனாள். பால்வண்டிக்காரர் கொண்டுவந்த சேதி. யார்மிலாவும் அந்தோனியாவும் கறுப்பு உடுத்திக்கொண்டு, வழியில் நாலு இடத்தில் உட்கார்ந்து, மேடு ஏறினார்கள். ஆல்ட்பாக்கின் கல்லறைத் தோட்டம் சாலையோரமாகவே இருந்தது, தடுப்புக் கட்டையிலிருந்து பார்த்தால் குட்டைச் சுவருக்கு அந்தப் பக்கம் சிலுவைகள் தெரியும்.

"என் அம்மா செத்துட்டா," என்றாள் யார்மிலா சிப்பாயிடம், ரெசியம்மா கற்றுக்கொடுத்த ஜெர்மனில்.

அவன் அவளையும், அவள் கையைப் பிடித்துக்கொண்டு உயிரோடு நின்ற அம்மாவையும் பார்த்தான். "அனுமதி இல்லாம போக முடியாது," என்றான். மோசமான ஆள் இல்லை, ஆனால் காலை அகட்டி ஊன்றி நின்றான்.

மணி அடித்தது. பெட்டி வந்தது. ஹெடி குழியைச் சுவர் ஓரமாக, சாலைக்கு எவ்வளவு கிட்டே முடியுமோ அவ்வளவு கிட்டே வெட்டச் சொல்லியிருந்தாள் என்பது யார்மிலாவுக்கு அப்போதுதான் விளங்கியது. அவள் நின்ற இடத்துக்கும் அதற்கும் நடுவே ஒரு டென்னிஸ் களத்தின் நீளம் இருக்கும். பெட்டியை இறக்கினார்கள். சொந்தபந்தமெல்லாம் வரிசையாக வந்து ஆளுக்கு ஒரு பிடி மண் போட்டார்கள், வெள்ளைக் காலுறைத் தம்பியும் போட்டான். ஹெடி போடவில்லை. மண்வெட்டிக்காரர்களைக் கையால் தடுத்து நிறுத்திவிட்டு, சாலைப் பக்கம் திரும்பி யார்மிலாவைப் பார்த்தபடி நின்றாள்.

யார்மிலா குனிந்து சாலையோரத்தில் மண் எடுத்தாள். பனியில் இறுகிக் கிடந்தது. இரண்டு கைக்குள்ளும் வைத்து, சூடு ஏறி இளகும்வரை பிசைந்து உருட்டினாள். அழுகை வந்தது, அழுதால் கை நடுங்கும் என்று நிறுத்திக்கொண்டாள். அந்தோனியா மகளை விட்டு இரண்டடி தள்ளி நின்றாள்.

"ஏய், என்ன அது?" என்றான் சிப்பாய், துப்பாக்கியைத் தோளிலிருந்து இறக்கியபடி.

அவள் வீசினாள். மண்ணுருண்டை வெள்ளைக் கோட்டைத் தாண்டி, கட்டையைத் தாண்டி, சிப்பாயின் தலையைத் தாண்டி, சுவரைத் தாண்டி உயரமாகப் போய் இறங்கியது. கூடியிருந்தவர்கள் எல்லோரும் அண்ணாந்து அதையே பார்த்தார்கள். யார்மிலா நின்ற இடத்திலிருந்து குழி தெரியவில்லை, சத்தமும் கேட்கவில்லை. அவள் மூச்சை அடக்கிக்கொண்டு ஹெடியின் முகத்தையே பார்த்தாள்.

ஹெடி குழியோரம் மண்டியிட்டு உள்ளே எட்டிப் பார்த்தாள். எழுந்தாள். தம்பி கையைப் பிடித்து இழுக்க இழுக்க, அந்த ஊரில் இனி யாரும் பேசக் கூடாத செக் மொழியில், மேட்டின் இரண்டு பக்கமும் கேட்கும்படி கத்தினாள்:

"உள்ளே!"